தொடர்ச்சிக் கொப்பி

என் வேலை சின்னது.
தொப்பி எந்தப் பக்கம் சரிந்திருந்தது,
எத்தனையாவது பொத்தான் திறந்து கிடந்தது,
செத்தவனின் கை சேற்றில் எதுவரை புதைந்தது,
எழுதி வைப்பது.
சாப்பிட்டு வந்து அவன் மறுபடி சாகும்போது
அதே அளவு புதைய வேண்டும்.

அன்ஸ்கார் வீபெல், எழுபத்தொரு வயது,
ஆயிரத்து அறுநூற்று முப்பத்தெட்டைப் படம்பிடிக்க
ஜெர்மனியிலிருந்து மட்டக்களப்புக்கு வந்திருந்தார்.
கோட்டைச் சுவரில் கச்சேரிக்காரர் பூட்டிய
ஏசிப் பெட்டிகளைக் கிடுகால் மறைத்தோம்.
ஒல்லாந்தர் வாவியால் வந்து இறங்கினார்கள்.
சுடுபட்ட போர்த்துக்கீசன், டச்பார் செல்வின் பல்தசார்,
விழுந்தபடியே சிரித்தான்:
"அம்மாட பாட்டன் அப்பாட பாட்டனைச் சுடுறான், மிஸ்."
அந்தச் சிரிப்பை வெட்டிவிட்டார்கள்.

ஐம்பது வருடத்தில் பதினான்கு படம்.
கொள்ளைநோய் இறங்கிய துறைமுகம்,
உப்பு வணிகனின் மகள்,
ஒரு குடியானவர் கலகம். அதில் வரும்
பனிமூட்டத்துக்காக மூன்று குளிர்காலம் காத்திருந்தாராம்.
விருதுகளைக் கேட்டால்
"தூசு துடைக்க ஆள் வைத்திருக்கிறேன்" என்பார்.

ஒருநாள், பழக்கதோஷம்,
கொப்பியின் கடைசிப் பக்கத்தில்
அவர் படங்களை ஆண்டுவாரியாய் அடுக்கினேன்.
நூற்றாண்டு நூற்றாண்டாய் இறங்கி வந்து
ஆயிரத்து எண்ணூற்று எழுபதில் நின்றன.
அதற்கு இங்கால் ஒன்றுமில்லை.

கேட்டேன்.
தேத்தண்ணி ஆறியது.
மறுகா சொன்னார்:
"இந்தப் படங்களுக்கு உடுப்புத் தைக்க வேண்டும்.
அப்பாவின் காலத்து உடுப்பு
வீட்டு அலுமாரியில் தொங்குகிறது.
போட்டுப் பார்த்தேன். அளவாக இருக்கிறது."

எங்கட வீட்டிலும் ஓர் அலுமாரி உண்டு.
அதை இதில் எழுதமாட்டேன்.

அன்று பின்னேரம் சட்டகத்தின் வலது ஓரத்தில்
ஒரு பெண் நின்றா.
வாழைச்சேனையிலிருந்து வந்தவ.
பொலித்தீன் பைக்குள் ஃபைல்,
ஒரு பெடியனின் படம் வெளியே பார்த்தபடி.
கச்சேரி நாலேகாலுக்கே பூட்டியாச்சு, அவ போகவில்லை.
ஒல்லாந்தர் அவவைச் சுற்றிக்கொண்டு ஓடினார்கள்.
உதவி இயக்குநன் கத்தினான்.
அன்ஸ்கார் "கட்" சொல்லவில்லை.
ஃபிலிம் தீரும்வரை ஓடவிட்டு
என் பக்கம் திரும்பி, "எழுதினாயா?" என்றார்.

எழுதினேன்:
நீலச் சேலை. இடது செருப்பில் ஊக்கு.
ஃபைல் வலது கக்கத்தில்.

அடுத்த நாள் காலை
யாரும் கூப்பிடாமலே அவ நின்றா.
கொப்பியை விரித்துச் சரிபார்த்தேன்.
சேலை, ஊக்கு, கக்கம்.
திருத்த ஒன்றுமில்லை.