கன்டினியுட்டி

உலகம் அழிந்து முப்பது வருடம் கழித்து நடக்கிற கதை.
ஆறு ஊர் சுற்றிவிட்டு எண்ணூருக்கு வந்தார்கள்.
சாம்பல் குட்டையையும் அதன் பின்னால் புகைபோக்கியையும் பார்த்து
"இங்க நாம ஒண்ணுமே செய்ய வேணாம்" என்றார் ஆர்ட் டைரக்டர்.
அது எங்கள் வீட்டுக்குப் போகிற வழி.
நான் சொல்லவில்லை.
வேலைக்குச் சேர்ந்து அன்றைக்கு மூன்றாம் நாள்.

என் வேலை அழுக்கு.
தேயிலைச் சண்டு கொதித்த தண்ணீரில் புதுச்சேலையை முக்கி
கல்லில் தேய்த்து
ஈரத்தோடு சாம்பலை அப்பி
நூற்றுப் பதினேழு பேரை அகதியாக்க வேண்டும்.
எந்தக் கறை எந்தத் தோளில் என்று நோட்டில் எழுத வேண்டும்,
நாளைக்கும் அதே இடத்தில் இருப்பதற்காக.

ஓடுவதற்கு ஆள் பிடித்தவன் தனசிங்கு.
மணலியிலிருந்து ஒடியாப் பையன்கள்,
வியாசர்பாடியிலிருந்து ஒரு பர்மாக்காரக் குடும்பம்,
கும்மிடிப்பூண்டி முகாமிலிருந்து பதினோரு பேர்.
தலைக்கு அறுநூறு, மதியம் பிரியாணி.
முகாம்காரர்கள் வந்ததும் ஒன்று சொன்னார்கள்:
ஆறு மணிக்கு ஆள் கணக்கு,
நாலரை ரயிலை விட முடியாது.

துரத்துகிறவர்களுக்கு முகம் கிடையாது. ரப்பர்.
வாய் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு தையல்.
இடைவேளையில் அதை நெற்றிக்கு ஏற்றிவிட்டு
எலும்பு கடித்தார்கள்.

யோகமலர். எண் நாற்பத்து மூன்று. கறை, இடது தோள்.
தெரு எரிகிறது, எல்லோரும் அலறிக்கொண்டு ஓடுகிறார்கள்,
இவள் நின்றாள்.
நெட்டுக்குப்பத்தில் நாள் வாடகைக்கு எடுத்த வெள்ளாடு
செட்டுக் கம்பத்தில் நின்றது.
குனிந்து முடிச்சை அவிழ்த்தாள்.
பிறகு ஓடினாள்,
சத்தமே இல்லாமல்.

கட்.
"பின்னாடி கொல்ல வர்றான்மா. ஆடு மேய்க்கவா வந்த?"
சிரித்தார்கள். அவளும் சிரித்துவைத்தாள்.
இரண்டாவது டேக். அவிழ்த்தாள்.
மூன்றாவதில் முடிச்சை இறுக்கிப் போடச் சொன்னார்கள்.
பல்லால் அவிழ்த்தாள்.
நான்காவதில் டுகுனா என்கிற ஒடியாப் பையன்
முட்டி போட்டு ஆட்டின் கழுத்தைப் பிடித்துக்கொடுத்தான்.
அவனிடம் யாரும் சொல்லவில்லை.
அவனுக்குத் தமிழும் தெரியாது.

"ஆட்டத் தூக்குய்யா மொதல்ல!"
காலை ஷாட்டில் ஆடு இருக்கு சார், கன்டினியுட்டி, என்றேன்.
அந்தப் படத்தில் நான் பேசிய ஒரே வசனம்.

கறையைச் சரிசெய்யப் போனேன்.
ஏன்க்கா, என்றேன் மெதுவாக.
உதிர்ந்த தோளை என் பக்கம் திருப்பிக் காட்டியபடி
"முதல் தரம் ஓடேக்க
அவிழ்க்க மறந்திட்டன்" என்றாள்.
தொட்டியிலிருந்து ஒரு கை சாம்பல் அள்ளினேன்.
கொஞ்ச நேரம் எங்கே அப்புவதென்று தெரியவில்லை.
நோட்டைப் பார்த்தேன்.
இடது தோள்.

நாலு டேக் வீணாக்கியதற்கு நூறு பிடித்துக்கொண்டு
ஐநூறு கொடுத்தான் தனசிங்கு.
மணி நாலு இருபது.
எண்ணாமல் இடுப்பில் செருகிக்கொண்டு
அத்திப்பட்டு ரயிலடியைப் பார்க்க ஓடினாள்,
செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, சாம்பல் பறக்க.
டீ கிளாஸோடு நின்ற டைரக்டர்
"இதத்தான்யா கேட்டேன்" என்றார் யாரிடமோ.
கேமரா அதற்குள் பெட்டிக்குப் போயிருந்தது.

தண்டையார்பேட்டையில் இரண்டாம் ஆட்டம் பார்த்தேன்.
அவள் இல்லை. ஒரு கை கூட இல்லை.
தையல் வாய்கள் கதவை உடைக்கிற காட்சியில்
திரையின் வலது ஓரத்தில், இரண்டு விநாடி,
கயிறு இழுபட
ஆடு தனியாகக் குட்டைப் பக்கம் நடந்து போகிறது.
அடுத்த ஷாட்டில் கம்பத்தில் நிற்கிறது.
"டேய், ஆடு தானே வந்து கட்டிக்கிச்சு பாரு!"
முன்வரிசையில் எவனோ கத்தினான். விசில் பறந்தது.
அவ்வளவு நேரம் பயந்திருந்த தியேட்டர்
விழுந்து விழுந்து சிரித்தது.

தவறு என்னுடையதுதான்.
நோட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது.
ஷாட் நாற்பது: ஆடு, கட்டியிருக்கிறது, கம்பத்துக்கு இடப்பக்கம்.
ஷாட் நாற்பத்தொன்றுக்கு நேரே
பேனா வைத்து அழுத்திய ஒரு புள்ளி.