பதினான்கும் பதினைந்தும்

இரண்டு வருடம் கழித்துத் தோண்டினோம்.
பள்ளத்தூர் ஊருணிக்கு மேற்கே
சேவுகன் அம்பலத்தின் கடலைக்கொல்லை மூலையில்
மூன்று மூட்டை உப்பும் சுண்ணாம்பும் கொட்டி
நானே நின்று புதைத்த பந்தயக் குதிரை.
பெட்டை. பேர் தந்தி.
கல்லூரிக்கு ஓர் எலும்புக்கூடு வேண்டுமாம்,
கடிதம் வந்திருந்தது.

செம்மண் எலும்பையும் விட்டுவைக்கவில்லை.
கழுவினால் மஞ்சள்,
இன்னும் கழுவினால் பழைய பல்லின் நிறம்.
மருந்தகத்துச் சிமெண்டுத் தரையில்
சாக்பீசால் ஒரு குதிரை வரைந்து
அதற்குள் அடுக்கினேன்.
ஒவ்வொன்றாய் எடுத்துக் கொடுத்தான் அடைக்கலம்.
அவளை ஓட்டியவன் அவன்தான்.

"முழங்கால்" என்று நீட்டினான்.
முழங்கால் இல்லை அடைக்கலம், அது மணிக்கட்டு.
உன் கையைத் தரையில் ஊன்று.
நடுவிரல் தவிர மற்றதை மடக்கு.
இப்போது அந்த நகத்தின் மேல்
உன் எடை முழுக்க ஏற்று.
இப்படித்தான் அவள்
கானாடுகாத்தான் விலக்கு வரை ஓடினாள்,
காலுக்கு ஒரு விரலாக.
மற்ற விரல்களா?
இதோ, கால்தண்டின் இரு பக்கமும்
மெலிந்து ஒட்டிக் கிடக்கிற குச்சிகள்.
பின்னால் வளைந்து துருத்துவது குதிகால்.
அது தரையைத் தொட்டு
எத்தனையோ லட்சம் வருடம் ஆகிறது.

தோளுக்கு வந்ததும் கை நின்றது.
தோள்பட்டை எலும்பை எங்கே வைப்பது?
குதிரைக்குக் காறையெலும்பு கிடையாது.
முன்னங்கால் இரண்டும் உடம்போடு
எந்த எலும்பாலும் சேரவில்லை.
வெறும் தசை. தசையில் கட்டிய தூளி.
அதில் தொங்கிக்கொண்டுதான் நெஞ்சுக்கூடு
இத்தனை தூரம் பாய்ந்திருக்கிறது.
தூளியை மண் தின்றுவிட்டது.
ஒரு சாண் இடைவெளி விட்டேன்.
அவள் வேகமெல்லாம் அந்த வெற்றிடத்தில் இருந்தது
என்று சொல்ல வாயெடுத்து
சுண்ணாம்புத் தூசியில் இருமினேன்.

பிறகு முதுகு.
விலாவுக்குப் பதினெட்டு முள்ளெலும்பு, இடுப்புக்கு ஆறு.
முன்வரிசையில் முள் ஒரு சாணுக்கு மேல் உயரம்,
பிடரி முடிகிற இடத்தில் மேடாகத் தெரியுமே, அது.
பின்னால் போகப் போகக் குட்டை.
பதினொன்று. பன்னிரண்டு. பதின்மூன்று.
பதினான்கோடு பதினைந்தை வைத்தபோது
டக் என்றது.

அங்கே சத்தம் வரக் கூடாது.
நடுவே சுண்டுவிரலாவது நுழைய வேண்டும்.
வெளிச்சத்தில் பிடித்தேன்.
முள்ளும் முள்ளும் உரசி உரசி,
இந்த ஊர் வீட்டுச் சுவர்களில்
முட்டை வெள்ளைக்கரு கலந்து தேய்த்த பூச்சுபோல
ஒரு பளபளப்பு.
எத்தனை வருடம் தேய்த்ததோ.

"திரும்புற எடத்துல முதுகக் குழிப்பா டாக்டரம்மா.
சேணம் எடுத்தாலே கடிக்க வருவா.
நாந்தான், திமிருன்னு..."

சாட்டையைப் பற்றி அவன் சொல்லவில்லை.
நானும் சொல்லவில்லை,
பந்தயத்தன்று காலை ஏழரைக்கு
அவள் முதுகில் உள்ளங்கை வைத்து அழுத்தியதை,
தோல் துடித்ததை,
ஈ உட்கார்ந்தது என்று எடுத்துக்கொண்டதை,
'ஓடத் தகுதி உள்ளது' என்று
பச்சை மையில் கையெழுத்திட்டதை.

அவள் செத்தது வயிற்றுவலியில். முதுகால் இல்லை.
இதை அவனிடம் இரண்டு முறை சொன்னேன்.

மண்குதிரையை நம்பி ஆற்றில் இறங்காதே என்பார்கள்.
எலும்புக் குதிரை ஒன்று
நம்மை நம்பி இறங்கியதற்குப்
பழமொழி இருக்கிறதா, தெரியவில்லை.

எண்ணி முடிக்க இருட்டிவிட்டது.
ஒன்று குறைந்தது.
வலது முன்குளம்புக்குள் இருக்கும் படகெலும்பு,
இரண்டு விரல் அகலம் இருக்கும்.
நாளைக்குப் பார்ப்போம் என்றேன்.
அடைக்கலம் டார்ச்சும்
மணல் சலிக்கிற சல்லடையும் எடுத்துக்கொண்டு
பைக்கை உதைத்தான்.
நானும் பின்னால் ஏறினேன்.

கொல்லையில் அம்பலத்தின் நாய் குரைத்து ஓய்ந்தது.
சலிக்கச் சலிக்கச்
சரளைக்கல், கடலைத்தோல்,
மறுபடியும் சரளைக்கல்.