தலைக்கட்டு

ஊத்துக்கோட்டையில் எங்களை மந்திரக்காரர் என்று
யாரும் சொல்வதில்லை.
குறிக்காரர் என்பார்கள், பால்காரர் என்பதுபோல.

மொத்தம் ஐந்து பேர்.
தையல்காரர் தனக்கோட்டி காலருக்குள் சுண்ணக்கட்டியால் போடுவார்,
போட்டவருக்குச் சபையில் நாக்குழறாது, முதல் சலவைவரை.
சுப்புரத்னம்மா எடைமேடையில் ரசீது எழுதுகிறாள்.
அவள் பேனா ஒரு சுழி கூடச் சுழித்தால்
லாரி தன் பாரத்தில் இருநூறு கிலோவை மறந்துவிடும்.
இன்னும் இருவரைப் பற்றிச் சொல்லக்கூடாது,
வழக்கு நடக்கிறது.
நான் செங்கல் அச்சு செதுக்குகிறவள்.

குறிகள் இருபத்தொன்று.
இரண்டு பாஷையும் ஆற்றில் உதிர்த்த மிச்சம்:
தமிழிலிருந்து புள்ளி, தெலுங்கிலிருந்து தலைக்கட்டு.
புள்ளி வைத்தால் உயிர் போகும், மெய் நிற்கும்.
இது பள்ளிக்கூடத்திலேயே சொல்லிக்கொடுத்ததுதான்,
யாரும் பயப்படவில்லை.
உச்சியில் ‘சரி’ போட்டதுபோல் ஒரு கீறல், அது தலைக்கட்டு;
வெற்றுடம்புக்குள் ‘அ’ என்று மூச்சு வரும்.
புள்ளிக்கு இடம் வலம் கிடையாது.
தலைக்கட்டுக்கு உண்டு.
வலம் சாய்ந்தால் கட்டும், இடம் சாய்ந்தால் அவிழ்க்கும்.
சாத்திரம் அவ்வளவுதான். மீதி கைப்பழக்கம்.

போன தையில் செங்கல்வராயன் வந்தார்.
பெயருக்கேற்ற தொழில்.
ஆற்றுக்கு அந்தப் பக்கம், நாகலாபுரம் சாலையில் சூளை.
அறுபது தலைக்கட்டு ஆட்கள்,
தலைக்கட்டுக்கு முப்பதாயிரம் முன்பணம்.
“ராத்திரியில ஓடிப்போறாங்கம்மா.
கல்லுக்குள்ள உங்க கட்டை வெச்சுக் குடுங்க.
கல்லு காயறதுக்குள்ள காலு மரத்துப்போகணும்.”
பணத்தோடு ஒரு சீப்பு மொந்தன் பழமும் வைத்தார்.
வாங்கிக்கொண்டேன். இரண்டு மாத வாடகை பாக்கி.

அச்சுவேலைக்கு ஒரே விதி:
மண்ணில் நேராக விழ
மரத்தில் இடம்வலம் மாற்றி வெட்டவேண்டும்.
பத்தொன்பது வருடமாய் வெட்டுகிறேன்.
கனவிலும் எனக்கு எழுத்துகள் கண்ணாடிக்குள்ளிருந்துதான் வரும்.
அன்று நேராக வெட்டினேன்.

மறதி என்று செங்கல்வராயனிடம் சொன்னேன்.
உங்களிடமும் அதையே சொல்கிறேன்.

நாற்பதாயிரம் கல் அறுத்தார்கள்.
மாசியில், பிச்சாட்டூர் அணை மூடியிருந்த ஓர் இரவு,
அறுபது தலைக்கட்டும்
சட்டி, பிள்ளை, ஒரு சேவல் சகிதம்
மணலில் நடந்து இக்கரை ஏறியது.
மேஸ்திரி விழித்துத்தான் இருந்தாராம்.
அவருக்கும் போகவேண்டும்போல் இருந்ததாம்.
போனார்.

கதை இத்தோடு முடிந்திருந்தால் நான் நல்லவள்.
ஆனால் கல் விற்றுப்போனது.

செங்கல்வராயன் மகனுக்கு எடுத்த மாடியில்
மருமகள் மூன்று நாள் தங்கினாள்.
சத்தியவேட்டில் புது லாக்கப்:
ஆடு திருடியவன் “வரட்டுமா” என்று கேட்க
காவலரே கதவைத் திறந்துவிட்டு
கூடவே தெருமுனைவரை போனார்.
கங்கம்மா கோயிலுக்கு மதில் எழுப்பினார்கள்.
ஆடியில் ஊர்வலம் புறப்பட்டவள் இன்னும் உள்ளே வரவில்லை,
பஞ்சாயத்து ஷெட்டில் வைத்துப் பொங்கல் படைக்கிறார்கள்.
ஆஸ்பத்திரியில் புது வார்டு.
ஏழு மாதமாய் இழுத்துக்கொண்டிருந்த பெரியவர்
கட்டில் மாற்றிய இரவே சிரமமில்லாமல் போய்ச்சேர்ந்தார்.
அதே வார்டில், ஆறாம் மாத வயிற்றோடு
காய்ச்சலுக்குப் படுத்திருந்தாள் ஒருத்தி.
அவளைப் பற்றி
நான் யாரிடமும் விசாரிக்கவில்லை.

வீட்டில் நாலு கல் இருக்கிறது,
அச்சு சரிபார்க்கக் கொண்டுவந்தது.
தண்ணீர்க்குடத்துக்கு அடைகொடுத்திருந்தேன்.
ஒரு வாரமாய்க் குடம்
நாளுக்கு ஒரு விரற்கடை வாசல்பக்கம் நகர்கிறது.

உளிமுனையால் ஒரு புள்ளி. போதும், நின்றுவிடும்.
நாலு கல்லுக்கு வைக்கலாம்.
மிச்சத்துக்கு யார் போவது?

உளி ஆணியில் தொங்குகிறது.
இரவு படுக்குமுன்
செருப்பை எந்தப் பக்கம் பார்த்து விட்டேன் என்று
எழுந்துபோய்ப் பார்க்கிறேன்.