மூன்று வினாடி

வெருலம் கோர்ட்டின் ஒலிப்பதிவுகள்
செவ்வாய்தோறும் டர்பனுக்கு வரும்.
கேட்டுத் தட்டச்சு செய்வது என் வேலை,
பக்கத்துக்கு இவ்வளவு என்று கூலி.
அழுகைக்கு ஒரே வரிதான்,
அதுவும் அடைப்புக்குறிக்குள்.
எவ்வளவு நேரம் அழுதாலும் பக்கம் கூடாது.

இந்த வாரம் யுகேஷ் முன்சாமி.
கரும்பு லாரி ஓட்டியவன், வயது இருபத்தாறு.
டோங்காட் ஆலைச் சாலையில், மழை விட்ட மாலை,
சைக்கிளில் வேலைக்குப் போன இரவுக் காவலாளி
லாரியின் இடப்பக்கச் சக்கரத்தில்.
இறந்தவரின் பெயரை அரசு வக்கீல்
முழுதாக வாசிக்கிறார்:
பொங்கெனி ஷெசி.
அப்போது, 11:42:07,
கூண்டிலிருந்து ஒரு சத்தம்.
மூன்று வினாடி.

“நீர் சிரித்தீர்” என்கிறார் மாஜிஸ்திரேட்.
“வருத்தம் துளியும் இல்லாதவர்.”
அவன் வக்கீல் கேட்டிருந்தது மூன்று ஆண்டு,
அரசு கேட்டது பத்து.
கிடைத்தது எட்டு.

மேல்முறையீட்டை இரண்டு நீதிபதிகள் படிப்பார்கள்.
அவன் குரல் அவர்களிடம் போகாது,
என் தாள்தான் போகும்.

செவ்வாய்.
ஆலைக் கரி கொடியில் விழுந்து
வெள்ளைச் சீருடை இரண்டையும் மறுபடி துவைத்து
டாக்சியைத் தவறவிட்டு வந்தேன்.
ஹெட்போனை மாட்டியதும் தெரிந்துவிட்டது:
சிரிப்பு. திமிர்ச் சிரிப்பு.

புதன் மதியம், பீன்ஸ் கறி உண்ட தெம்பில்,
மகள் கணக்கில் தேறிவிட்டாள் என்ற செய்தியோடு
மறுபடி கேட்டேன்.
ஐயோ பாவம், அது கேவல்.

வியாழன் வெறும் செருமல் போல இருந்தது.
சளி பிடித்த பையன், அவ்வளவுதான்.

விம்மல், விசும்பல், கேவல், தேம்பல் என்று
அம்மா வாயில் நாலு சொல் இருந்தது.
படிவம் ஆங்கிலம்.
அழுதார், சிரித்தார்,
இரண்டில் ஒன்றைக் கேட்கிறது.

சொல்ல வேண்டாம் என்றுதான் இருந்தேன்.
அடிங்டன் ஆஸ்பத்திரி வராந்தாவில்
டாக்டர் தலையை ஆட்டியபோது
என் அண்ணன் கோகிலன் சிரித்தான்.
வாய்விட்டு.
அப்பாவின் போர்வையில் சூடு ஆறவில்லை.
பதினாறாம் நாள் காரியம் முடிந்தது,
அவனோடு பேச்சை நிறுத்தினேன்.
ஆறு வருஷம்.
அந்தச் சிரிப்பை ஒரே ஒருமுறைதான் கேட்டேன்.
பின்னோக்கி ஓட்டிப் பார்க்கக்
காலடியில் மிதி இல்லை அன்று.

வெள்ளி.
‘சத்தம்’ என்று மட்டும் எழுதி விட்டிருந்த இடத்தில்
திருமதி ஜினாவின் சிவப்பு மை:
என்ன சத்தம்? நாலு மணிக்குள்.

மிதியை அழுத்தித்
தேவைக்கு மேல் பின்னால் போய்விட்டேன்.
அதே காலை, வேறு வழக்கு.
குழந்தையைப் பறிகொடுத்தவள் சாட்சி சொல்கிறாள்.
அவளுக்குத் தண்ணீர் கொடுங்கள் என்கிறார் மாஜிஸ்திரேட்.
இருமல் மிட்டாயின் தாள் சரசரக்கிறது.
மூக்கை உறிஞ்சிக்கொண்டு
“அடுத்த வழக்கு” என்கிறார்,
இடைவேளை விடவில்லை.

அடுத்து வந்தவன் யுகேஷ்.

வக்கீல்கள் பேசுகிறார்கள்.
பேனா கீறுகிறது, நிற்கிறது, கீறுகிறது.
நாற்காலி பின்னால் சாய்கிறது.
அப்புறம் ஒரு சின்ன ‘டிக்’,
பேனாவுக்கு மூடி போட்டாயிற்று.
திரையில் நேரம் பார்த்தேன்.
11:41:50.

செத்தவரின் பெயரை
இன்னும் யாரும் வாசிக்கவில்லை.
கூண்டில் இருப்பவன் மூச்சுகூட விடவில்லை.

மூடிச் சத்தத்தை எழுத விதிமுறையில் இடமில்லை.
திருமதி ஜினாவிடம் கேட்டேன், இல்லை என்றார்.
பிறகு, “ஏன், உனக்கு அந்தப் பையனைத் தெரியுமா?” என்றார்.

மூன்று ஐம்பத்தெட்டுக்கு
ஒரு சொல்லை அடித்து அனுப்பினேன்.
எந்தச் சொல் என்று கேட்காதீர்கள்.
அன்றைக்கு எனக்குத் தலைவலி.