கோடு போட்டவன்

கட்டணத்தில் பாதியைக் கழிக்க
வார்ட்லோ கல்லூரி எனக்குக் கொடுத்த வேலை
சனிக்கிழமை விடியலில் மைதானத்துக்குக் கோடு போடுவது.
ஒரு மூட்டை சுண்ணாம்பு, ஒரு சணல் கயிறு,
அடியில் துளையிட்ட தள்ளுவண்டி.
ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்திரண்டு.
நெப்ராஸ்காவில் அப்போது சோளம் போன விலைக்கு
விற்பதைவிட அடுப்பில் போடுவது லாபம்.

அணியில் பதினாறு பேர்.
பதினோரு பேர் ஆட
மற்ற ஐவரும்
யாருக்காவது அடிபடக் காத்திருந்தார்கள்.
பயிற்சியாளர் டில்ஃபர்ட் வேதியியல் வாத்தியார்.
புத்தகம் பார்த்துத்தான் ஆட்டம் சொல்லித்தந்தார்,
அதிலும் கடைசி அத்தியாயம் கிழிந்திருந்தது.

பந்தும் முட்டை, கணக்கும் முட்டை.
முதல் வாரம் முப்பத்தொன்றுக்கு முட்டை.
அடுத்தது பத்தொன்பதுக்கு முட்டை;
முன்னேற்றம் என்றார் டில்ஃபர்ட்.
மூன்றாவது ஐம்பத்திரண்டு.
அவர் ஒன்றும் சொல்லவில்லை,
தொப்பியைக் கழற்றி உள்ளே எதையோ தேடினார்.

டோர்வால்டின் காறையெலும்பு முறிந்த ஓசை
என் தள்ளுவண்டி வரை கேட்டது.
அவன் தம்பி ஐவர்
அதே சட்டையை, அண்ணனின் வியர்வை ஆறுமுன்
மாட்டிக்கொண்டு இறங்கினான்.
முதுகில் காயம்பட்டவன் எங்களில் ஒருவனும் இல்லை.
திரும்பி ஓட நேரம் கொடுத்தால்தானே.

அக்டோபர் மழையில், சேற்றில்,
பாதிரிமார் கல்லூரி ஒன்றோடு
முட்டைக்கு முட்டை.
தோற்கவில்லை!
அன்றிரவு மணிக்கூண்டு மணியை அடித்து அடித்து
கயிற்றையே அறுத்துவிட்டோம்.
அபராதம் ஆளுக்கு நாற்பது காசு.

நவம்பர் கடைசி வியாழன், எட்டாவது ஆட்டம்.
காலையில் நான் கோடு போட்டேன்,
மதியம் வானம் அதை அழித்தது.
மெரிடன்காரர்கள் ஒரு உதையில் மூன்று புள்ளி எடுத்துவிட்டு
மீதி நேரமெல்லாம் கையை ஊதிக்கொண்டிருந்தார்கள்.
வெளிச்சம் போகிற நேரம்,
நான்காவது முயற்சி, எல்லைக்கு ஒன்பது கஜம்.
பந்து பொஹுமில் ஹ்ருஷ்காவின் கையில்.

கசாப்புக்கடைக்காரர் மகன்.
ஓடவில்லை அவன்; மூன்று பேரைச் சுமந்து நடந்தான்,
நான்காமவன் காலில் தொங்க
குப்புற விழுந்தான்.
பந்து வயிற்றுக்கடியில்.

எல்லைக்கோடு எங்கே?
நடுவர் தொப்பியால் பனியைத் தள்ளினார்.
அடியில் வெள்ளை. அதற்கும் அடியில் வெள்ளை.
கோடு போட்டவன் யார் என்று கேட்டார்.

போனேன். மண்டியிட்டேன்.
கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான்,
நாக்குக்கு அப்படியில்லை.
அவன் முழங்காலருகே ஒரு சிட்டிகை எடுத்து வைத்தேன்: பனி.
இடுப்பருகே: பனி.
தோளருகே: பனி.
தாடையருகே நாக்கு வெந்தது.

முந்நூறு பேர் மூச்சுவிடாமல் பார்த்தார்கள்.
இரண்டு முழம். இரண்டே முழம்.
என் நாக்கை வேறு யார் சோதிக்கப் போகிறார்கள்?
விரலை எடுத்தேன்,
அது மெல்லப் பின்னால், அவன் முழங்கால் பக்கம்
போய்க்கொண்டிருந்தது.

ஹ்ருஷ்கா தலையைத் தூக்கித் துப்பினான்.
"வாயெல்லாம் எரிகிறது, ஐயா.
கோட்டின் மேல் கிடப்பது என் வாய்.
பந்து என் வயிற்றில்."

நடுவர் இரண்டு கைகளையும் விரித்து ஆட்டினார்.
யாரோ ஒரே ஒரு கைத்தட்டு தட்டி
நிறுத்திக்கொண்டார்.

அன்று நன்றி சொல்லும் நாள்.
விடுதியில் வான்கோழி, வெந்த கிழங்கு.
டில்ஃபர்ட் எழுந்து ஜெபம் சொல்ல ஆரம்பித்து
எட்டு ஆட்டங்களுக்கும் நன்றி என்றார்;
ஐவர் சிரித்தான், பிறகு எல்லோரும்,
தோளில் கட்டோடு டோர்வால்டும், வலிக்க வலிக்க.

எதிரில் ஹ்ருஷ்கா, உதடு வெந்து வீங்கி.
என் விரல் எந்தப் பக்கம் போனது என்று
அவன் கேட்கவில்லை. பார்த்திருந்தான்.

"ருசி தெரிகிறதா உனக்கு?"
"இல்லை."
"எனக்கும்" என்று
உப்பை என் பக்கம் தள்ளினான்.