அரைக்கால்

அதார் ஊர்க் காஜி ஓலைபோல் உலர்ந்த குரலில் சொன்னார்:
பிள்ளைகள் உண்டு, ஆகவே
மனைவிக்கு அரைக்கால்.

ஐந்து ஒட்டகங்களின் கயிறு
சல்காவின் கைக்கு வந்தது.

நாலல்லவா வரவேண்டும்?
முப்பத்திரண்டையும்
பேர் சொல்லிக் கூப்பிட்டவள் அவள்.

மணலில் குந்திப்
புழுக்கைகளை அடுக்கினாள்.
வரிசைக்கு ஐந்து, எட்டு வரிசை.
நாற்பது.
காஜி கணக்கில் பிசகமாட்டார்.
கொழுந்தன் தேநீர்க் குவளைக்குள்
எதையோ தேடிக்கொண்டிருந்தான்.

கூட வந்தது ஒன்றுதான்.
அந்த ஒன்றும் அரைக்காலே.
சிதாத்தி சாகும்வரை
எங்கோ எட்டு மேய்ந்திருக்கின்றன,
யாரோ கறந்திருக்கிறார்கள்.

ஐந்தாவதன் கயிற்றில்
இடப்பக்கம் சுற்றிய முடிச்சு.
அவன் போட்டதல்ல,
அவளும் போட்டதல்ல.

மடி கனத்துக் கத்தியது அது.
பேர் தெரியாமல்
பாத்திரத்தோடு போய் நின்றாள்.