கடைசி எழுத்து

மருதானைப் பழைய புத்தகக்கடையில்
நூற்றைம்பது ரூபாய்க்கு அகப்பட்டேன்.
நாவலில் எனக்குத் திலகவதி டீச்சர் என்று பெயர்.
கண்ணாடி சரி. கோபம் கொஞ்சம் கூட.

ஏழாம் அத்தியாயத்தில் தெருவில் டயர் எரிகிறது.
நான் இடாப்பை விரித்து
குணசேகரனின் கடைசி ‘ன்’னை
பிளேட்டால் சுரண்டி எடுக்கிறேன்.
குணசேகர,
சிங்களப் பொடியனாய், உயிரோடு வீடு போகிறான்.

தமிழில் எழுதிய இடாப்பை
வந்தவர்கள் எப்படி வாசித்தார்களாம்?
தவிர, அந்தக் கிழமை எனக்குக் கூகைக்கட்டு;
தாடை வீங்கி வெள்ளவத்தையில் கிடந்தேன்.

எழுதியவன் பின்வாங்கு அருளையன்.
பக்கத்தில் இருந்தவன்தான் குணசேகரன்.
பள்ளிக்கூடம் திரும்பத் திறந்தபோது
இரண்டு நாள் கூப்பிட்டுப் பார்த்தேன்
அந்தப் பெயரை.

நூறாம் இலக்க பஸ்ஸில்
அந்தப் பக்கத்தை விரலால் தடவிக்கொண்டே வந்தேன்.
ஓரிடத்தில் தாள்
சொரசொரத்தது.